டாக்டர் கோ. வெங்கடசாமியும் பார்வையிழப்புத் தடுப்பும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மதுரை அரவிந்த் கண் மருத்துவமனையை நிறுவியவர் என்ற அளவில் டாக்டர் கோ. வெங்கடசாமியைப் பலரும் அறிவார்கள். அந்த மருத்துவமனையைத் தொடங்கும்போது அவர் அரசுப் பணியிலிருந்து ஓய்வு பெற்றிருந்தார். அதற்கு முந்தைய இருபது ஆண்டுகளில், மதுரை அரசு மருத்துவமனையில் இருந்தபடியே, பார்வையிழப்பைத் தனிமனிதரின் நோயாக மட்டும் பார்க்காமல் ஊரின் சுகாதாரப் பிரச்சினையாகப் பார்க்கும் முறையை அவர் வகுத்துக்கொண்டிருந்தார். பின்னாளில் வணிகப் பள்ளிகள் வியந்து பாடமாக்கிய அம்மருத்துவமனையின் நடைமுறைகளின் வேர் பெரும்பாலும் அங்கேதான் இருக்கிறது என்பது இதை எழுதுபவரின் கருத்து. ஆகவே கீழுள்ள பதில்களில் அந்த ஆண்டுகளுக்குச் சற்றுக் கூடுதல் இடம் தரப்பட்டுள்ளது.

அவர் எந்த ஊர்க்காரர்? எங்கே படித்தார்?

எட்டயபுரத்துக்கு அருகிலுள்ள வடமலாபுரம் என்ற சிற்றூரில், விவசாயக் குடும்பம் ஒன்றில், 1918 அக்டோபர் 1 அன்று பிறந்தார். உடன்பிறந்தோர் ஐவரில் அவரே மூத்தவர். மதுரை அமெரிக்கன் கல்லூரியில் வேதியியல் படித்த பிறகு, சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் சேர்ந்து 1944-இல் மருத்துவப் பட்டம் பெற்றார். அதன்பின் இராணுவ மருத்துவப் பிரிவில் சேர்ந்தார்.

மகப்பேறு மருத்துவராக வர விரும்பியவர் கண் மருத்துவத்துக்கு எப்படி வந்தார்?

அவருடைய சிறுவயதில், உறவுக்காரப் பெண்கள் மூவர் பேறுகாலச் சிக்கலால் அடுத்தடுத்து இறந்தார்கள். ஊரில் மருத்துவர் கிடையாது. மகப்பேறு மருத்துவராக வேண்டும் என்ற எண்ணம் அதிலிருந்தே அவருக்கு வந்தது. ஆனால் இராணுவத்தில் இருந்தபோது கடுமையான முடக்குவாதம் தாக்கியது. 1948-இல் இராணுவத்திலிருந்து விடுவிக்கப்பட்டார். நெடுநாள் படுக்கையில் கிடந்தார். நடக்கவோ பேனாவைப் பிடிக்கவோ இயலாத நிலையில் இருந்தார். விரல்கள் நிரந்தரமாகக் கோணிப்போயின. நெடுநேரம் நின்றபடி பிரசவம் பார்ப்பது இனி நடக்காது என்று ஆனபோது, சென்னை எழும்பூர் அரசு கண் மருத்துவமனையில் சேர்ந்து 1951-இல் கண் மருத்துவப் பட்டயமும், பின்னர் அத்துறையிலேயே முதுநிலைப் பட்டமும் பெற்றார்.

கோணிய விரல்களோடு கண்ணில் அறுவை சிகிச்சை செய்தார் என்பது மிகைப்படுத்தப்பட்ட கதையா?

மிகையில்லை. கத்தியைப் பிடிக்கப் பழகுவதே அவருக்குத் தனிப் பயிற்சியாக இருந்தது. தம் கைக்கு ஏற்றவாறு கருவிகளை மாற்றி அமைத்துக்கொண்டார். வாழ்நாளில் அவர் தம் கையால் செய்த அறுவை சிகிச்சைகள் ஒரு இலட்சத்துக்கும் மேற்பட்டவை. ஒரே நாளில் நூறு வரை செய்த நாள்களும் உண்டு. ஆயினும் இந்த எண்ணிக்கையோடு அவரைப் பற்றிய பேச்சை முடித்துவிடுவது அவருக்கு நியாயம் செய்வதாகாது என்றே தோன்றுகிறது. ஒரு இலட்சம் என்பது ஒரு மனிதரின் உழைப்புக்குப் பெரிய எண்ணாக இருக்கலாம். இந்தியாவில் கண்புரையால் பார்வை இழந்தவர்களின் கணக்கில் அது மிகச் சிறியது. இதை எவரையும்விட நன்றாக அறிந்திருந்தவர் அவரே.

அரசுப் பணியில் அவர் செய்தவை யாவை?

1956-இல் மதுரை மருத்துவக் கல்லூரியில் கண் மருத்துவத் துறைத் தலைவராகவும், அப்போது எர்ஸ்கின் மருத்துவமனை என்றும் இப்போது இராஜாஜி மருத்துவமனை என்றும் வழங்கப்படும் அரசு மருத்துவமனையின் கண் அறுவை மருத்துவராகவும் பொறுப்பேற்றார். மதுரைக்காரர்களுக்கு அது என்றும் பெரியாஸ்பத்திரிதான். சுற்றியுள்ள மாவட்டங்களிலிருந்து நோயாளிகள் அங்கே வந்து சேர்ந்தாலும், வந்தவர்களைக் காட்டிலும் வராதவர்களே அதிகம். கண்ணில் புரை முற்றி, திண்ணையில் உட்கார்ந்தபடி, வயதானால் இப்படித்தான் என்று தாமும் வீட்டாரும் முடிவு கட்டிவிட்ட முதியவர் ஒருவர் ஏறத்தாழ எல்லாத் தெருவிலும் இருந்த காலம் அது.

அரசுப் பணியின் இருபது ஆண்டுகளில் அவர் தொடங்கிய மூன்று பணிகள் குறிப்பிடத்தக்கவை. 1960-இல் கிராமங்களுக்கு மருத்துவக் குழுவை அழைத்துச் செல்லும் கண் சிகிச்சை முகாம்கள். 1966-இல், அறுவையாலும் மருந்தாலும் பார்வை திரும்ப வழியில்லாதவர்கள் தாமே நடமாடவும் வேலை செய்யவும் பயிற்சி பெறும் மறுவாழ்வு மையம். 1973-இல், மருத்துவர் செய்துதான் தீரவேண்டும் என்றில்லாத வேலைகளைக் கற்றுத்தரும் கண் மருத்துவ உதவியாளர் பயிற்சி. இந்த மூன்றையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் ஒரே நோக்கம் தெரியும்: மருத்துவமனையின் வாசலுக்கு வந்து சேர்வது நோயாளியின் பொறுப்பு என்ற பழக்கத்தை மாற்றி, நோயாளியைத் தேடிச் சென்று கண்டுபிடித்து, சிகிச்சை முடித்து வீட்டில் விடும்வரை மருத்துவமனையின் பொறுப்பு என்று ஆக்குவது. நான்காவதாகக் குழந்தைகளுக்கான ஊட்டச்சத்து மையம் ஒன்றும் உண்டு. அதற்குத் தனிக் கேள்வியே கீழே இருக்கிறது.

கண் சிகிச்சை முகாம் என்பது நடைமுறையில் எப்படி நடக்கிறது?

முகாமை நடத்துவது மருத்துவமனை என்றாலும் முகாமுக்கு உரியவர் உள்ளூர்க்காரர். லயன்ஸ் சங்கமோ, ரோட்டரி சங்கமோ, ஆலை முதலாளியோ, கோயில் கமிட்டியோ இடத்தையும் விளம்பரத்தையும் சாப்பாட்டையும் பார்த்துக்கொள்கிறார்கள். சுவரொட்டி, துண்டுப் பிரசுரம், ஆட்டோவில் ஒலிபெருக்கி என்று சுற்றுப்பட்டு ஊர்களுக்கெல்லாம் தகவல் போகும். முன்பு தண்டோராவும் உண்டு. இடம் பெரும்பாலும் அரசுப் பள்ளி. நாள் பெரும்பாலும் ஞாயிற்றுக்கிழமை.

வகுப்பறைப் பெஞ்சுகள் வரிசையாக மாற்றிப் போடப்படும். முதல் மேசையில் பெயர்ப் பதிவு. அடுத்து, எழுத்துத் தெரியாதவரும் கையால் திசை காட்டிப் பதில் சொல்லக்கூடிய பலகையைக் கொண்டு பார்வைச் சோதனை. பிறகு மருத்துவரின் முதல் பரிசோதனை, கண் அழுத்தம் பார்த்தல், கண்ணீர்ப்பையில் அடைப்பு இருக்கிறதா என்று பார்த்தல், இரத்த அழுத்தம், சர்க்கரை. கண்ணாடி மட்டும் தேவைப்படுபவருக்கு அங்கேயே அளவெடுத்து, முடிந்தவரை அன்றே கண்ணாடியும் தரப்படும். அறுவை தேவை என்று தேர்வானவர்கள் மஞ்சள் பையில் ஒரு மாற்றுத் துணியோடு அன்று மாலையே பேருந்தில் ஏறிவிடுவார்கள். சிகிச்சை முடிந்து ஓரிரு நாள் தங்கியபின் அதே ஊரில் கொண்டுவந்து இறக்கிவிடப்படுவார்கள். மறுபரிசோதனையும் அந்தப் பக்கத்திலேயே நடக்கும்.

அன்றே பேருந்தில் ஏற்றிச் செல்வது ஏன்? நாள் குறித்து வரச் சொன்னால் போதாதா?

போதவில்லை என்பது அனுபவத்தில் தெரிந்த பிறகே இந்த ஏற்பாடு வந்தது. முகாமில் பரிசோதித்து, அறுவை செய்துகொண்டால் பார்வை வரும், செலவு ஏதும் இல்லை என்று எடுத்துச் சொல்லி, மருத்துவமனைக்கு வாருங்கள் என்று அனுப்பினால், வந்து சேர்ந்தவர்கள் சிறு பகுதியினரே. வராதவர்களின் வீட்டுக்கே போய்க் கேட்டபோது கிடைத்த பதில்கள் மருத்துவப் பாடநூலில் இல்லாதவை. பேருந்துக் கட்டணம் இல்லை. போனால் அங்கே சாப்பாட்டுக்கு என்ன செய்வது? துணைக்கு வர ஆள் இல்லை. வருபவருக்கு அந்த நாள்களின் கூலி போய்விடும். கத்தி வைத்தால் கண்ணே போய்விடும் என்ற பயம். இருக்கிற பார்வைக்கு என்ன குறை, பேரப்பிள்ளையைப் பிடித்துக்கொண்டு நடக்கிறேனே என்ற சமாதானம். பெண்களுக்கு இவற்றோடு இன்னொன்றும் சேர்ந்துகொள்ளும்: தமக்காகச் செலவு செய்யச் சொல்லி வீட்டில் கேட்க மனம் வராது.

இலவசம் என்று அறிவித்த அறுவை ஏழைக்கு இலவசமாக இருக்கவில்லை என்பதே இதன் பொருள். அறுவைக்கான கட்டணத்தைத் தள்ளுபடி செய்தபின்பும் பயணம், உணவு, துணையாள், இழந்த கூலி என்று செலவு மிச்சம் இருந்தது. அதன்பின் பேருந்து, தங்குமிடம், உணவு எல்லாவற்றையும் மருத்துவமனையே ஏற்றது. ஊர்க்காரர்கள் கூட்டமாகச் சேர்ந்து போய் வருவதால் துணையாள் பிரச்சினையும் பயமும் ஓரளவு தீர்ந்தன. தென்மாவட்டக் கிராமங்களில் பல வகை அணுகுமுறைகளை ஒப்பிட்டு நடத்தி 1991-இல் வெளியான ஆய்வு ஒன்று, ஏற்கெனவே அறுவை செய்துகொண்டு பார்வை பெற்ற ஒருவர் வீடு வீடாகச் சென்று பேசுவதும், போக்குவரத்து உள்ளிட்ட செலவை ஏற்பதும் நன்கு பலன் தருவதைக் காட்டியது. பக்கத்துத் தெரு அம்மாள் ஒருத்தி வந்து, எனக்குப் பண்ணினாங்க, ஒன்றும் ஆகவில்லை, இப்போது நானே அரிசியில் கல் பொறுக்குகிறேன் என்று சொல்வதற்கு இருக்கும் பலம் சுவரொட்டிக்கு இருப்பதில்லை.

பள்ளிக் கட்டடத்திலேயே அறுவை செய்த காலம் உண்டாமே?

உண்டு. தொடக்கக் கால முகாம்களில் பள்ளி, சத்திரம் போன்ற இடங்களைத் தற்காலிக அறுவைக் கூடமாக்குவது நாடெங்கும் வழக்கமாக இருந்தது. கிருமித் தொற்று அபாயமும், கண்ணுக்குள் லென்ஸ் பொருத்தும் முறைக்கு நுண்நோக்கி தேவைப்பட்டதும் அந்த வழக்கத்தை முடிவுக்குக் கொண்டுவந்தன. இப்போது முகாமில் பரிசோதனை மட்டும், அறுவை மருத்துவமனையில்.

குழந்தைகளின் பார்வையிழப்புக்காக அவர் என்ன செய்தார்?

கண்புரை முதியவர்களைப் பாதிப்பது, அறுவையால் தீர்வது. குழந்தைகளிடம் அன்று கண்ட பார்வையிழப்பு வேறு வகையானது. வைட்டமின் ஏ குறைவால் முதலில் மாலைக்கண் வரும். அந்தி சாய்ந்ததும் குழந்தை தடுமாறும், தட்டில் இருக்கும் சோற்றைத் தேடித் தடவும். பின்னர் வெண்படலம் வறண்டு, நுரை ஒட்டியதுபோன்ற புள்ளிகள் தோன்றும். அந்த நிலையில் தட்டம்மையோ வயிற்றுப்போக்கோ சேர்ந்துகொண்டால், சில நாள்களுக்குள் கருவிழி குழைந்து உடைந்துவிடும். அதற்குப் பிறகு எந்த அறுவை மருத்துவரும் பெரிதாக ஒன்றும் செய்ய முடியாது. பார்வை போன குழந்தைகளில் பலர் உயிரோடும் நிலைக்கவில்லை.

1971-இல் மதுரை அரசு மருத்துவமனையில், இத்தகைய குழந்தைகளுக்கான ஊட்டச்சத்து மறுவாழ்வு மையம் தொடங்கப்பட்டது. பிரிட்டனின் பார்வையற்றோருக்கான ராயல் காமன்வெல்த் சங்கம் துணை நின்றது. ஆக்ஸ்ஃபோர்டில் கண் ஆய்வுக்கூடத்தில் பணியாற்றி ஓய்வு பெற்ற உயிர்வேதியியலாளர் ஆன்டோனெட் பிரி இந்தப் பணிக்காகத் தமிழகம் வந்தார். மருத்துவமனையில் மருந்து கொடுத்துத் தேற்றி அனுப்பினால், வீட்டில் அதே சாப்பாட்டைச் சாப்பிட்டு அதே குழந்தை மீண்டும் வரும். ஆகவே மையத்தில் தாயும் குழந்தையோடு தங்கினார். முருங்கைக்கீரை, அகத்திக்கீரை போன்று ஊரில் வேலியோரம் கிடைப்பவற்றைப் பருப்போடு கடைந்து, சிறிது எண்ணெய் சேர்த்து, சிறு குழந்தைக்கும் ஊட்டலாம் என்பது பேச்சாக அன்றிச் சமையலாகக் கற்பிக்கப்பட்டது. கீரை குழந்தைக்குச் செரிக்காது, பேதியாகும் என்ற நம்பிக்கை வலுவாக இருந்த வீடுகளில், தன் பிள்ளையே அதைத் தின்று தேறுவதைத் தாய் நேரில் பார்ப்பதைவிட வேறு வாதம் தேவைப்படவில்லை. இந்த மையத்தின் அனுபவம் 1976-இல் லான்செட் மருத்துவ இதழில் வெளியானது.

இதன் தொடர்ச்சி பின்னாளில் உலகளவில் பேசப்பட்டது. அரவிந்த் குழுவினர் திருச்சி மாவட்டத்தில் 15 ஆயிரத்துக்கும் மேற்பட்ட சிறு குழந்தைகளிடம் நடத்திய ஆய்வு 1990-இல் வெளியாயிற்று. வாரந்தோறும் சிறிய அளவில் வைட்டமின் ஏ பெற்ற குழந்தைகளிடையே இறப்பு 54 சதவீதம் குறைந்திருந்தது. இந்தோனேசியாவில் ஆல்ஃபிரட் சோமர் என்ற கண் மருத்துவர் 1980-களில் கண்டதோடு இது ஒத்துப்போனது. கண்ணைக் காப்பாற்றப் புறப்பட்டவர்கள் உயிரைக் காப்பாற்றும் வழியில் வந்து நின்றார்கள் என்பது கண் மருத்துவ வரலாற்றில் அதிகம் பேசப்படாத செய்தி.

அரசின் கொள்கையில் அவருக்குப் பங்கு உண்டா?

உண்டு. ராயல் காமன்வெல்த் சங்கத்தின் நிறுவனரும் தாமே பார்வையற்றவருமான சர் ஜான் வில்சனை 1965-இல் அவர் சந்தித்தார். பார்வையிழப்பில் பெரும்பகுதி தடுக்கக்கூடியது அல்லது சரிசெய்யக்கூடியது என்பதில் இருவரும் ஒரே கருத்துடையவர்களாக இருந்தனர். தேசிய அளவில் திட்டம் வேண்டும் என்று இந்திய அரசிடம் வலியுறுத்தினர். பார்வையிழப்புத் தடுப்புக்கான தேசியத் திட்டம் 1976-இல் தொடங்கப்பட்டது. அத்திட்டத்துக்கு ஒருவரை மட்டும் காரணமாகச் சொல்வது சரியாகாது. பல மாநிலங்களில் பலர் முகாம்களை நடத்திக்கொண்டிருந்தார்கள். ஆனால் முகாமையும் கண் மருத்துவ உதவியாளர் பயிற்சியையும் அரசு அமைப்புக்குள்ளேயே நடத்திக் காட்டிய ஒருவர் பேசியதற்குத் தனி எடை இருந்தது.

உலக அளவில், 1978-இல் அமெரிக்காவில் தொடங்கப்பட்ட சேவா அறக்கட்டளையின் நிறுவனக் குழுவில் அவர் இடம்பெற்றார். பெரியம்மை ஒழிப்பில் பணியாற்றிய சிலர், அடுத்து என்ன என்று கேட்டுக்கொண்டு தொடங்கிய அமைப்பு அது.

ஓய்வு பெற்ற பின் தனியாக மருத்துவமனை தொடங்கியது ஏன்? பணம் எங்கிருந்து வந்தது?

1976-இல் அரசுப் பணி முடிந்தது, வேலை முடியவில்லை. கோவெல் அறக்கட்டளை என்ற பெயரில் ஓர் அறக்கட்டளையை நிறுவி, மதுரை அண்ணா நகரில் ஒரு வீட்டில் 11 படுக்கைகளோடு மருத்துவமனையைத் தொடங்கினார். வங்கிகள் கடன் தர முன்வரவில்லை. ஓய்வு பெற்றவர், பாதிப் பேருக்கு இலவச சிகிச்சை தரப்போவதாகச் சொல்கிறார் என்றால் எந்த மேலாளர்தான் கையெழுத்துப் போடுவார்? வீட்டை அடமானம் வைத்தும் குடும்பத்தாரின் நகைகளை வைத்தும் பணம் திரட்டினார்கள்.

குடும்பம் என்பதை இங்கே அழுத்திச் சொல்ல வேண்டும். அவர் திருமணம் செய்துகொள்ளவில்லை. தங்கை டாக்டர் கோ. நாச்சியாரும் அவருடைய கணவர் டாக்டர் பெ. நம்பெருமாள்சாமியும் உடன் வந்தார்கள். தம்பி சீனிவாசன் கட்டடத்தையும் கணக்கையும் பார்த்துக்கொண்டார். நிர்வாகத்துக்குப் பின்னர் துளசிராஜ் வந்தார். பணம் சேரச் சேரத் தளம் தளமாக எழுப்பிய பிரதான மருத்துவமனை 1981-இலும், 350 படுக்கைகள் கொண்ட இலவச மருத்துவமனை 1984-இலும் திறக்கப்பட்டன. தேனி, திருநெல்வேலி, கோவை, புதுச்சேரி ஆகிய ஊர்களிலும் அவர் காலத்திலேயே கிளைகள் வந்தன.

இலவச நோயாளி யார் என்று எப்படி முடிவு செய்கிறார்கள்?

நோயாளியே முடிவு செய்கிறார். வருமானச் சான்றிதழோ குடும்ப அட்டையோ கேட்பதில்லை. கட்டணப் பிரிவுக்குப் போவதா, இலவசப் பிரிவுக்கோ குறைந்த கட்டணப் பிரிவுக்கோ போவதா என்பது அவர் விருப்பம். முகாமிலிருந்து வருபவர்களுக்குக் கட்டணம் கிடையாது. கட்டணம் செலுத்துவோரிடமிருந்து வரும் வருமானமே அன்றாடச் செலவை ஈடுகட்டுகிறது. அறை வசதியில் வேறுபாடு உண்டு. கட்டணப் பிரிவில் கட்டிலும் தனியறையும் என்றால் இலவசப் பிரிவில் பொதுக்கூடத்தில் பாய். மருத்துவர்கள் இரு பிரிவிலும் மாறி மாறிப் பணியாற்றுகிறார்கள் என்பதே இதில் முக்கியமான விதி.

இத்தனை வேகத்தில் அறுவை செய்தால் தரம் குறையாதா?

நியாயமான ஐயம். முதலில் வேகம் எங்கிருந்து வருகிறது என்று பார்க்க வேண்டும். ஓர் அறுவைக் கூடத்தில் இரண்டு மேசைகள் அருகருகே இருக்கும். நடுவே, இருபுறமும் திருப்பக்கூடிய நுண்நோக்கி. ஒரு மேசையில் அறுவை நடக்கும்போதே, மறுமேசையில் அடுத்த நோயாளியைச் செவிலியர் ஆயத்தப்படுத்தி, கண்ணைத் துடைத்து, துணி போர்த்தி வைத்திருப்பார்கள். மருத்துவர் முடித்துத் திரும்பினால் அடுத்த கண் காத்திருக்கும். அவருடைய கை அவசரப்படுவதில்லை. காத்திருக்கும் நேரம் மட்டும் இல்லாமல் போகிறது. அங்குள்ள மருத்துவர் ஒருவர் ஆண்டுக்குச் சுமார் 2,000 அறுவைகள் செய்வது இதனால்தான் இயல்கிறது. நாளும் ஒரே வேலையைச் செய்யும் கைக்குத் தேர்ச்சி கூடும் என்பதும் உண்மை.

தரத்துக்கு அளவுகோல், அறுவைக்குப் பின் கண்ணுக்குள் ஏற்படும் கிருமித் தொற்று. 42 ஆயிரத்துக்கும் மேற்பட்ட தொடர் அறுவைகளை ஆராய்ந்து 2009-இல் வெளியான ஆய்வில் அது 0.09 சதவீதமாக இருந்தது. வசதி மிக்க நாடுகளின் மருத்துவமனைகளோடு வைத்து எண்ணத்தக்க அளவு இது.

மெக்டொனால்ட்ஸ் உணவகத்தைப் பார்த்துத்தான் இந்த முறையைக் கண்டாரா?

அவர் அந்த நிறுவனத்தை வியந்து பேசியது உண்மை. எந்த ஊரில், எந்தப் பணியாளர் செய்தாலும் ஒரே தரம், ஒரே முறை, எளிய விலை என்பதே அவரைக் கவர்ந்தது. ஆனால் வேலையைப் பிரித்துக் கொடுப்பதையும் கூட்டத்தைக் கையாளுவதையும் அவர் 1960-களின் முகாம்களிலேயே செய்துகொண்டிருந்தார். மேடைப் பேச்சில் சுவையாகச் சொன்ன எடுத்துக்காட்டைப் பிறர் தோற்றக் கதையாக்கிவிட்டார்கள்.

முகாமிலும் மருத்துவமனையிலும் பெரும்பாலான வேலையைச் செய்யும் இளம்பெண்கள் யார்?

பெரும்பாலும் கிராமத்துப் பெண்கள். பள்ளிப் படிப்பு முடித்ததும் தேர்ந்தெடுக்கப்பட்டு இரண்டு ஆண்டுகள் பயிற்சி பெறுகிறார்கள். பார்வைச் சோதனை, கண்ணாடி அளவு, அறுவைக் கூட உதவி, நோயாளிக்கு ஆலோசனை என்று ஒவ்வொருவருக்கும் ஒரு துறை. நோயாளிகள் அவர்களைச் சிஸ்டர் என்று அழைக்கிறார்கள். மருத்துவர் செய்யும் அறுவைகளின் எண்ணிக்கை இவர்களால் கூடுகிறது. 1973-இல் அரசு மருத்துவமனையில் தொடங்கிய பயிற்சியின் வளர்ந்த வடிவம் இது. பலர் சில ஆண்டுகளில் திருமணமாகிப் போய்விடுகிறார்கள். அவர்கள் கற்ற தொழிலுக்கு வெளியே உரிய ஏற்பும் ஊதியமும் கிடைக்கின்றனவா என்பது இன்னும் பேசப்பட வேண்டிய கேள்வி.

சோடாப்புட்டிக் கண்ணாடி எப்படி மறைந்தது? லென்ஸ் தொழிற்சாலை எதற்கு?

முன்பு கண்புரை அறுவையில் கண்ணின் இயற்கை லென்ஸை முழுவதுமாக எடுத்துவிட்டு, அதற்கு ஈடாகத் தடித்த கண்ணாடி கொடுப்பார்கள். பொருள்கள் பெரிதாகத் தெரியும், பக்கவாட்டில் தெரியாது, படி இறங்கும்போது கால் தடுமாறும். கண்ணாடி உடைந்தாலோ தொலைந்தாலோ மீண்டும் பார்வையற்றவரே. வெளிநாடுகளில் கண்ணுக்குள்ளேயே செயற்கை லென்ஸ் பொருத்தும் முறை பரவியபோது, அந்த லென்ஸின் விலை ஏழை நோயாளிக்கு எட்டாததாக இருந்தது. ஏழை நாடுகளுக்குப் பழைய முறையே போதும் என்று நிபுணர்கள் சிலர் கருதினர்.

டாக்டர் வெங்கடசாமி குழுவினர் அதை ஏற்கவில்லை. சேவா அறக்கட்டளையின் துணையோடு தொழில்நுட்பம் பெற்று, 1992-இல் மதுரையில் ஆரோலேப் என்ற லென்ஸ் தொழிற்சாலை தொடங்கப்பட்டது. இறக்குமதி லென்ஸ் நூறு டாலர் அளவில் விற்ற காலத்தில் சுமார் பத்து டாலருக்கு லென்ஸ் தந்தது; பின்னர் விலை மேலும் இறங்கியது. நூற்றுக்கும் மேற்பட்ட நாடுகளுக்கு அது இன்று ஏற்றுமதியாகிறது. அறுவை மருத்துவரின் கைத்திறனைக் காட்டிலும் ஒரு பொருளின் விலையே ஆயிரக்கணக்கானோரின் பார்வையைத் தீர்மானிக்கும் என்பதற்கு இது தெளிவான சான்று.

அரவிந்த் என்ற பெயர் ஏன்?

அவர் புதுச்சேரி ஸ்ரீ அரவிந்தர், அன்னை ஆகியோரின் வழியைப் பின்பற்றியவர். மருத்துவமனை அதனால் அப்பெயர் பெற்றது. நோயாளியின் மதத்துக்கும் சிகிச்சைக்கும் தொடர்பில்லை.

அவர் பெற்ற விருதுகள்?

அரசுப் பணியில் இருந்தபோதே, 1973-இல், பத்மஸ்ரீ. 1987-இல் ஹெலன் கெல்லர் பன்னாட்டு விருது. அவர் 2006 ஜூலை 7 அன்று காலமானார். கேட்ஸ் அறக்கட்டளை விருதும் ஹில்டன் மனிதநேயப் பரிசும் அதன்பின் மருத்துவமனைக்குக் கிடைத்தவை.

இந்த முறைக்குக் குறைகளே இல்லையா?

முகாம் முறையின் பெரிய குறையை அரவிந்த் தொடர்புடைய ஆய்வே வெளிக்கொண்டுவந்தது. 1999-இல் வெளியான அந்த ஆய்வில், கண் கோளாறு உள்ள கிராமத்தவரில் ஏறத்தாழ 7 சதவீதத்தினர் மட்டுமே தம் ஊர்ப் பக்கத்தில் நடந்த முகாமுக்கு வந்திருந்தனர். நாற்பது ஆண்டுகள் பாடுபட்ட முறை நூற்றில் ஏழு பேரையே எட்டுகிறது என்ற முடிவைத் தாமே வெளியிடுவதற்குத் துணிவு வேண்டும். ஆண்டுக்கு ஒருமுறை வந்து போகும் முகாமுக்கு, அன்று அறுவடை இருந்தாலோ வீட்டில் விசேஷம் இருந்தாலோ ஒருவர் வர முடியாது. அதனால் சிறு ஊர்களில் நிரந்தரப் பார்வை மையங்கள் வந்தன. பயிற்சி பெற்ற பணியாளர் கண்ணைப் பரிசோதித்துப் படமெடுக்க, தொலைவிலுள்ள மருத்துவர் திரை வழியே பேசி முடிவு சொல்கிறார். இன்று இத்தகைய மையங்கள் நூற்றுக்கும் மேல்.

இந்தியாவில் பார்வையிழப்பு உண்மையிலேயே குறைந்திருக்கிறதா?

குறைந்திருக்கிறது. 1986 முதல் 1989 வரை நடந்த தேசிய ஆய்வு பார்வையிழப்பு 1.49 சதவீதம் என்றும், அதில் ஏறத்தாழ 80 சதவீதம் கண்புரையால் வந்தது என்றும் கூறியது. 2015 முதல் 2019 வரையிலான ஆய்வில் அது 0.36 சதவீதம். ஆனால் இவ்விரு எண்களை நேராக ஒப்பிடக் கூடாது. இடையில், 2017-இல், பார்வையிழப்புக்கான வரையறையை இந்திய அரசு உலக வழக்குக்கு ஏற்ப மாற்றியது. முன்பு பார்வையற்றவராக எண்ணப்பட்ட சிலர் புதிய வரையறையில் அந்தக் கணக்கில் வரமாட்டார்கள். அதைக் கழித்துப் பார்த்தாலும் இறக்கம் உண்மையே. 1990-களில் உலக வங்கிக் கடனோடு தமிழ்நாடு உள்ளிட்ட ஏழு மாநிலங்களில் நடந்த கண்புரை ஒழிப்புத் திட்டத்துக்கும், மாவட்டந்தோறும் அமைந்த பார்வையிழப்புத் தடுப்புச் சங்கங்களுக்கும், எண்ணற்ற அரசு மருத்துவர்களுக்கும் இதில் பங்குண்டு.

கண்புரை முற்றும்வரை காத்திருக்க வேண்டும் என்கிறார்களே?

அது பழைய முறைக் காலத்து அறிவுரை. இன்று அன்றாட வேலைக்கு இடையூறாக இருந்தாலே அறுவை செய்துகொள்ளலாம். மிகவும் முற்றவிட்டால் அறுவை கடினமாகும். சிலருக்குக் கண் அழுத்தம் கூடி, பார்வை திரும்பாமலே போகவும் கூடும்.

புரை அறுவையால் தீரும். சர்க்கரை நோயால் விழித்திரையில் வரும் பாதிப்பும் கண் அழுத்த நோயும் அப்படியல்ல. இழந்த பார்வை பெரும்பாலும் திரும்பாது, தொடக்கத்தில் வலியோ மங்கலோ இருக்காது. எனவே சர்க்கரை உள்ளவர்கள், பார்வை நன்றாக இருந்தாலும், ஆண்டுக்கு ஒருமுறை கண்ணில் சொட்டு மருந்து விட்டுக் கண்மணியை விரித்து விழித்திரையைப் பரிசோதித்துக்கொள்ள வேண்டும். நாற்பது வயதைக் கடந்தவர்கள், குறிப்பாகக் குடும்பத்தில் கண் அழுத்த நோய் உள்ளவர்கள், கண் அழுத்தத்தையும் பார்க்கச் சொல்லிக் கேட்க வேண்டும். சொட்டு மருந்து விட்ட பிறகு சில மணி நேரம் பார்வை மங்கலாக இருக்கும் என்பதால், வண்டி ஓட்டிக்கொண்டு போகாமல் துணைக்கு ஒருவரை அழைத்துச் செல்வது நல்லது.